கஸ்கடூராவின் பக்கவிளைவு

டிரினிடாட் தீவின் மக்கள் நூற்று எழுபது வருஷங்களாகக் கறி சாப்பிட்டு வருகிறார்கள் என்பதும், அதற்காக இதுவரை யாரிடமும் அனுமதி பெறவில்லை என்பதும் ஒரு வியாழக்கிழமை காலை அமைச்சரின் மேலான கவனத்துக்கு வந்தது. பல் பிடுங்கப் போன இடத்தில் காத்திருந்தபோது அமைச்சர் ஒரு வெளிநாட்டுப் பத்திரிகையைப் புரட்டியிருக்கிறார். கறியில் மஞ்சள் இருக்கிறது, மஞ்சள் மூட்டுக்கு நல்லது, மூளைக்கு நல்லது, தினம் கறி தின்கிறவன் நெடுநாள் வாழ்கிறான் என்று அதில் போட்டிருந்தது. வாயின் ஒரு பக்கம் மரத்துப்போன நிலையிலேயே அமைச்சர் அறிக்கை விட்டார். இவ்வளவு நன்மை உள்ள ஒரு பொருளை மக்கள் எந்த மேற்பார்வையும் இல்லாமல், வெறும் ருசிக்காகத் தின்றுகொண்டிருப்பதைப் பொறுப்புள்ள ஓர் அரசு கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்க்க முடியாது என்றார்.

அடுத்த மாதமே கறி நலன் மேம்பாட்டுப் பிரிவு பிறந்தது. அதற்கு ஒரு கட்டடம், கட்டடத்துக்கு ஒரு ஏசி, ஏசிக்கு ஒரு பழுது, பழுதுக்கு ஒரு கோப்பு என்று எல்லாம் முறைப்படி உண்டாயின.

பாரக்பூர் ரோட்டோரத்தில் ரொட்டிக் கடை வைத்திருந்த துலாரி மூன்சாமிக்கு இதெல்லாம் தெரியாது. அவளுக்கு அப்போது இருந்தது ஒரே கவலை. மகள் வாஷ்டி வடக்கே ஒரு குளிர் தேசத்தில் குடியிருந்தாள். (எந்தத் தேசம் என்று நான் சொல்லப்போவதில்லை. விசா கேட்டு வரிசையில் நின்றவர்களுக்குச் சொல்லாமலே தெரியும்.) அவளுக்கு இது தலைப்பிரசவம். மாப்பிள்ளை தங்கமான பையன், ஆனால் முட்டை அவிக்கத் தெரியும் என்பதைத்தான் சமையல் தெரியும் என்று சொல்லிக்கொண்டிருந்தான். பிள்ளை பெற்ற உடம்புக்கு மஞ்சளும் சீரகமும் போட்டு யார் சமைத்துக் கொடுப்பது? துலாரிதான் போக வேண்டும். அவளும் இரண்டு முறை விசாவுக்கு எழுதிப் போட்டாள். இரண்டு முறையும் ஒரே பதில் வந்தது: தாங்கள் தங்கள் நாட்டுக்குத் திரும்பிச் செல்வீர்கள் என்று எங்களுக்கு நம்பிக்கை ஏற்படவில்லை.

"நாலு அடுப்பு, மூணு தவா, பின்னால பன்னெண்டு வாத்து," என்று துலாரி அந்தக் கடிதத்தைப் பார்த்தே சண்டை போட்டாள். "இதையெல்லாம் விட்டுட்டு அந்தப் பனிக்குள்ள போய் நான் என்னத்தைப் பிடுங்கப்போறேன்?"

விசா மனு எழுதிக் கொடுக்கும் ஆள் ஒரு வழி சொன்னார். கடைக்கு நடப்பு வருஷத்து உரிமம், முத்திரையோடு, மனுவில் இணைக்க வேண்டும். உரிமம் உள்ள கடையை விட்டுவிட்டு யாரும் ஓட மாட்டார்கள் என்று அந்தத் தேசத்தார் நம்புகிறார்களாம். துலாரி உரிமத்தைப் புதுப்பிக்கப் போனாள். அங்கிருந்த குமாஸ்தா அவள் நீட்டிய தாளைத் தொடக்கூட இல்லை.

"கறி விக்கிறீங்களா? அப்ப இது இங்க இல்லை, அம்மா. கறிக்குத் தனிப் பிரிவு வந்தாச்சு. ஏசி ரிப்பேரா இருக்கும், விசிறி எடுத்துட்டுப் போங்க."

பிரிவின் மூத்த ஆய்வாளர் டெஸ்மண்ட் லெசாமா, நேரில் வந்து பார்க்காமல் எதிலும் கையெழுத்துப் போடாதவர். அதுவும் பகல் பன்னிரண்டரை மணிக்குத்தான் வந்து பார்ப்பார். அன்றும் அதே நேரத்துக்கு வந்தார். கூடவே நலவாழ்வு ஆலோசகர் மிஸ் ஜிசெல் பார்பான் வந்தாள். அவள் கையில் மஞ்சளைப் பாலில் கலக்கிய ஒரு கண்ணாடிப் புட்டி இருந்தது. அந்த வருஷம் தலைநகரத்தில் நாகரிகமான பெண்கள் யாரும் அந்தப் புட்டி இல்லாமல் வீட்டைவிட்டு இறங்குவதில்லை.

கடையின் பெஞ்சில் மேக்ஸி டாக்ஸி என்ற சிற்றுந்தை ஓட்டும் ஹர்தாத் உட்கார்ந்து கொண்டைக்கடலைக் கறியை ரொட்டியால் வழித்துக்கொண்டிருந்தான். லெசாமா அவன் பக்கத்தில் உட்கார்ந்து படிவத்தை விரித்தார்.

"இந்த நிலையத்துல என்னென்ன நோய்க்கு சிகிச்சை குடுக்கறீங்க?"

"நிலையமா? இது ரொட்டிக் கடை சார்."

"அது போன மாசம் வரைக்கும். கறியில நன்மை இருக்குன்னு அரசாங்கம் ஒத்துக்கிட்டாச்சு. நன்மை இருந்தா அது மருந்து. மருந்து குடுக்கற இடம் சிகிச்சை நிலையம். நோயைச் சொல்லுங்க."

துலாரி கொஞ்சம் யோசித்தாள். "பசி."

எழுதிக்கொண்டார். "அளவு?"

"ஒரு ரொட்டி."

"அதுல குணமாகலைன்னா?"

"இன்னொரு ரொட்டி."

"அதிகபட்ச அளவு?"

"அதை இவன்கிட்ட கேளுங்க," என்று துலாரி ஹர்தாத்தைக் காட்டினாள்.

"பெல்ட்டைத் தளர்த்தற வரைக்கும் சார்," என்றான் ஹர்தாத். "நான் பெல்ட் கட்டறதை விட்டே ஆறு வருஷம் ஆகுது."

நாள்பட்ட நோயாளி ஒருவர் சிகிச்சையில் இருப்பது நேரில் காணப்பட்டது என்று லெசாமா எழுதினார்.

அடுத்தது ஜிசெல்லின் முறை. அவள் குனிந்து, சின்னப் பிள்ளைக்குச் சொல்வது மாதிரி நிதானமாக ஆரம்பித்தாள். "ஆன்ட்டி, மஞ்சள்னு ஒண்ணு இருக்கு. நீங்க கேள்விப்பட்டிருக்க மாட்டீங்க."

துலாரியின் பத்து நகங்களும் நாற்பது வருஷமாக மஞ்சளாகவே இருந்தன. அவள் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டு, "கேள்விப்பட்டிருக்கேன் மிஸ்," என்றாள். உரிமம் வேண்டியிருக்கிறதே, என்ன செய்வது?

"ரொம்ப நல்லது. ஒரு சட்டிக்கு எத்தனை கிராம் போடறீங்க?"

"ஒரு கை."

"எந்தக் கை?"

"சோத்துக் கை."

ஜிசெல்லும் லெசாமாவும் தனியே போய் ஆலோசித்தார்கள். ஐந்து நிமிஷம் கழித்து லெசாமா வந்து அரசின் நிலையைத் தெரிவித்தார். மருந்தை அளக்கப் பயன்படுவதால் துலாரியின் வலது கை ஓர் அளவைக் கருவி. முத்திரை இல்லாத அளவைக் கருவியை வைத்திருப்பது குற்றம். ஆனால் அவள் தெரியாமல் வைத்திருந்ததால் இம்முறை மன்னிக்கப்படுகிறது.

ஆகவே துலாரி எடை அளவை அலுவலகத்துக்குப் போனாள். அங்கே அவள் ஐந்து தடவை கறித்தூளை அள்ளித் தராசில் போட, ஐந்து தடவையும் ஒரே எடை நின்றது. அலுவலகத் தராசுதான் நடுவில் ஒரு தடவை பிசகி, பிறகு திருத்தப்பட்டது. அவள் உள்ளங்கையில் ஊதா மையால் முத்திரை குத்தினார்கள். டிசம்பர் முப்பத்தொன்று வரை செல்லும், அதுவரை கழுவக் கூடாது என்றார்கள். மறுநாள் சுகாதாரத்தார் வந்து, கழுவாத கையால் சமைப்பது தண்டனைக்குரியது என்று கடைச் சுவரில் நோட்டீஸ் ஒட்டினார்கள். துலாரி இரண்டு அலுவலகங்களுக்கும் பணிந்து நடந்தாள். அதிகாரி யாராவது வந்தால் கையை ஒரு பிளாஸ்டிக் பைக்குள் விட்டுக் கட்டிக்கொள்வாள். போனதும் அவிழ்த்துவிட்டுச் சமைப்பாள்.

இனி படிவத்தில் மிச்சம் இருந்தது பதினோராம் கட்டம் ஒன்றுதான்.

அதை நிரப்ப லெசாமா ஒரு வெள்ளிக்கிழமை வந்தார். வாயால் பரிசோதிப்பதும் ஆய்வின் ஓர் அங்கம் என்பதால் அன்றைக்குக் கஸ்கடூரா மீன் கறியைப் பரிசோதித்தார். துலாரி அந்த மீனை எலுமிச்சை போட்டுத் தேய்த்துக் கழுவி, பச்சை மசாலாவை வயிற்றில் அடைத்து, எண்ணெயில் கறித்தூளைக் கருகும் எல்லைவரை வதக்கி அதில் இறக்கினால், வாசனை அரை மைல் தள்ளி நிற்கும் போலீஸ்காரரைக்கூட நேர்வழியில் கடைக்குக் கொண்டுவந்து சேர்த்துவிடும். லெசாமா அந்த மீனின் ஓடு போன்ற கவசத்தை விரலால் உரித்தார். தலையை உறிஞ்சினார். பிறகு, போதிய ஆதாரம் கிடைக்கவில்லை என்று இரண்டாவது மீன் கேட்டார். விரலை நக்கிக்கொண்டு பேனாவை எடுத்தார்.

"பதினொண்ணு. பக்கவிளைவு என்ன?"

"ஒண்ணும் இல்லை சார்."

"அப்படிச் சொல்லக் கூடாது. கட்டம் காலியா இருந்தா படிவம் திரும்பி வந்துடும்."

"இல்லாததை எப்படி சார் எழுதறது?"

லெசாமா பேனாவை வைத்துவிட்டுப் பொறுமையாக விளக்கினார். "பக்கவிளைவு இல்லைன்னா அது மருந்து இல்லை. மருந்து இல்லைன்னா அதுல நன்மை இல்லை. நன்மை இல்லைன்னா எங்க பிரிவுக்கு வேலை இல்லை. பிரிவு இல்லைன்னா நான் இல்லை. ஆனா நான் இதோ இங்க உக்காந்திருக்கேனே!"

"உக்காந்திருக்கீங்க சார்."

"அப்ப பக்கவிளைவு இருக்கு. யோசிங்க."

துலாரிக்குக் கண்ணில் நீர் தளும்பிவிட்டது. வாஷ்டிக்கு ஏழாம் மாதம். ஒரு கட்டம் நிரம்பாததால் மகளுடைய பிரசவத்துக்குப் போக முடியாமல் ஆகிவிடுமோ என்று அவள் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அதைப் பார்த்துப் பொறுக்காமல் ஹர்தாத் பெஞ்சிலிருந்து குரல் கொடுத்தான்.

"கஸ்கடூராவுக்கு இருக்கே சார். நம்ம ஊர்ல தெரியாதவங்க உண்டா? அதைத் தின்னவன் உலகத்துல எந்த மூலைக்குப் போனாலும் சாகறதுக்கு இந்த மண்ணுக்குத் திரும்பி வந்தே ஆகணும்."

அவன் விளையாட்டாகத்தான் சொன்னான். ஆனால் படிவம் விளையாட்டல்ல. லெசாமா நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"எத்தனை பேருக்கு இப்படி ஆகும்?"

"தின்ன எல்லாருக்கும்."

"எவ்வளவு நாள்ல?"

"அது ஆளைப் பொறுத்தது."

"குணப்படுத்த முடியுமா?"

"செத்த பிறகு என்னத்தை சார் குணப்படுத்தறது?"

லெசாமா முத்துமுத்தாக எழுதினார்: தாய்நாட்டுக்குத் தவிர்க்க முடியாத திரும்புதல், அதைத் தொடர்ந்து மரணம். பாதிப்பு: நூறு சதவீதம். ஆதாரம்: பொதுமக்கள். எழுதி முடித்ததும்தான் அவர் பார்வை தன் தட்டில் கிடந்த இரண்டு மீன் முள்ளின் மேல் விழுந்தது. ஐம்பது வருஷமாக அவர் அந்த மீனைத் தின்று வருகிறார். தட்டைச் சற்றுத் தள்ளி வைத்தார். பிறகு முத்திரையை எடுத்து ஓங்கிக் குத்தினார்.

பிரிவு இதோடு விடவில்லை. ஒரு குழுவை அமைத்து ஆராய்ந்தது. நூறு வருஷத்துக்கு முன்னால் கஸ்கடூரா தின்றவர்களின் பட்டியலைத் தயாரித்தபோது, அவர்களில் ஒருவர்கூட உயிரோடு இல்லை என்ற உண்மை வெளியாயிற்று. அறிக்கை அரசிதழில் ஏறியது. இனி கஸ்கடூரா தின்கிற ஒவ்வொருவருக்கும் எச்சரிக்கைச் சான்றிதழ் ஒன்றைக் கடையே கொடுக்க வேண்டும் என்றும், அதில் நோயாளி கையெழுத்திட வேண்டும் என்றும் உத்தரவாயிற்று. துலாரிக்கு உரிமமும் வந்தது, ஒரு கட்டுச் சான்றிதழும் வந்தது. அவள் உரிமத்தை இணைத்து விசாவுக்கு எழுதிப் போட்டாள். ஏற்கெனவே இரண்டு முறை மறுக்கப்பட்டவள் என்பதால் நேர்காணலுக்கு நான்கு மாதம் கழித்துத்தான் நாள் கொடுத்தார்கள்.

அவளுக்கு முன்னாலேயே நாள் கிடைத்தது ஹர்தாத்துக்கு. அவனுக்கு அந்தத் தேசத்தில் ஓர் அண்ணன் இருந்தான். விசா அதிகாரி வழக்கமான கேள்வியைக் கேட்டார்.

"நீங்க திரும்பி வருவீங்கங்கறதுக்கு என்ன அத்தாட்சி?"

ஹர்தாத்துக்கு வீடு இல்லை, மனைவி இல்லை, மேக்ஸி வேறொருவருடையது. சட்டைப் பையைத் துழாவினான். முந்தின நாள் சாப்பிட்ட கஸ்கடூராவின் சான்றிதழ்தான் அகப்பட்டது. அதையே நீட்டினான். அதிகாரி படித்தார். தாய்நாட்டுக்குத் தவிர்க்க முடியாத திரும்புதல், நூறு சதவீதம், அரசு முத்திரை. அவருடைய பதினெட்டு வருஷ உத்தியோகத்தில் இத்தனை திட்டவட்டமான அத்தாட்சியை யாரும் கொடுத்ததில்லை. விசாவைக் குத்திக் கொடுத்துவிட்டார்.

அன்று மாலையே பாரக்பூர் ரோட்டில் வண்டிகள் நின்றன. மறுநாள் கியூ கோயில்வரை போனது. வாழ்நாளில் கறி வாசனையே ஆகாதவர்கள்கூடத் தட்டை நீட்டினார்கள். ஒருத்தி மீனைத் தொடாமல் சான்றிதழை மட்டும் கேட்டாள்.

"தின்னாத்தான் கிடைக்கும்மா."

"எனக்கு மீன் ஆகாது ஆன்ட்டி. அந்தக் கவசத்தை மட்டும் நக்கினா ஆறு மாச விசாவாவது தேறாதா?"

பள்ளிக்கூடத்து வாத்தியார்கள் விசா வாங்கிக்கொண்டு போனார்கள். பாங்கு மேனேஜர் போனார். துலாரியின் உள்ளங்கையில் முத்திரை குத்தியவரும் குடும்பத்தோடு போனார். அமைச்சர் மகிழ்ந்தார். கறியின் பக்கவிளைவிலேயே இத்தனை நன்மை இருக்குமானால் நேரடி விளைவில் எவ்வளவு இருக்கும் என்று அவர் சட்டசபையில் கேட்டதற்கு எதிர்க்கட்சியினராலேயே பதில் சொல்ல முடியவில்லை. கேட்டவர்களில் பாதிப்பேர் அடுத்த வாரத்துக்கு டிக்கெட் எடுத்திருந்தார்கள்.

துலாரி மட்டும் அடுப்படியில் நின்றாள். ஊரையெல்லாம் அனுப்பிக்கொண்டிருந்தது அவள் கை. அவள் முறைதான் வரவில்லை. வாஷ்டிக்கு ஆண் குழந்தை பிறந்தது. செய்தி வந்த அன்று துலாரி சிரித்தாள், கடையில் இருந்தவர்களுக்கெல்லாம் இலவசமாகக் கொடுத்தாள், பிறகு பின்பக்கம் வாத்துகளிடம் போய் நின்றுகொண்டு அழுதாள்.

நான்கு மாதத்தில் நானூற்றுப் பன்னிரண்டு பேர் குளிர் தேசத்துக்குப் போயிருந்தார்கள். ஒருவரும் திரும்பவில்லை. விசா அலுவலகம் அமைச்சகத்துக்கு விளக்கம் கேட்டு எழுதியது. அமைச்சகம் பதில் எழுதியது: மேற்படி நபர்கள் சாவதற்காகத் திரும்புவார்கள் என்றுதான் சான்றளித்திருக்கிறோம். அவர்கள் இன்னும் திரும்பாதது அவர்கள் நல்ல ஆரோக்கியத்துடன் இருப்பதையே காட்டுகிறது. இதற்கும் கறியே காரணம். கறியால் ஆயுள் கூடும் என்ற எங்கள் முதல் அறிக்கையைத் தங்கள் பார்வைக்கு இணைத்துள்ளோம்.

விசா அலுவலகம் பழைய அதிகாரியை மாற்றிவிட்டுப் புதியவர் ஒருவரை அனுப்பியது. இவர் இணைப்புகளையும் படிக்கிறவர்.

துலாரி உரிமத்தையும் சான்றிதழையும் கொண்டுபோயிருந்தாள். சான்றிதழ் வாங்கும்போதும் ஒரு சிக்கல் வந்திருந்தது. வைத்தியர் தனக்குத் தானே வைத்தியம் செய்யக் கூடாது என்று விதி இருந்ததால், அவள் சமைத்த மீனை லெசாமாவே நேரில் வந்து அவளுக்கு ஊட்டிவிட்டு, செவிலியர் என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டிருந்தார். புதிய அதிகாரி எல்லாவற்றையும் படித்தார். அவர் முகத்தில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. அதுதான் பயமாக இருந்தது.

"வயசு?"

"ஐம்பத்தஞ்சு சார்."

"கறி எத்தனை வருஷமா சாப்பிடறீங்க?"

"பல்லு முளைச்சதுலேர்ந்து."

"தினமுமா?"

"தினமும் சார். ஞாயித்துக்கிழமை ரெண்டு வேளை." அரசாங்கமே நல்லது என்று சொன்ன விஷயமாயிற்றே என்று கொஞ்சம் பெருமையாகத்தான் சொன்னாள்.

அதிகாரி ஒரு தாளில் கணக்குப் போட்டார். "உங்க அரசாங்கத்தோட முதல் அறிக்கைப்படி கறி சாப்பிடறவங்க நெடுநாள் வாழறாங்க. நீங்க சாப்பிட்டிருக்கற அளவைப் பாத்தா தொண்ணூத்தாறு வயசு வரைக்கும் இருப்பீங்க. ரெண்டாவது அறிக்கைப்படி நீங்க சாகறதுக்குத் திரும்பி வந்துடுவீங்க. அதுல எனக்கு சந்தேகமே இல்லை. ஆனா அதுக்கு இன்னும் நாப்பத்தோரு வருஷம் இருக்கு. நீங்க கேட்டிருக்கறது மூணு மாச விசா."

"சார், என் பேரன் பிறந்து ரெண்டு மாசம் ஆச்சு. நான் போய் என் பொண்ணுக்கு நாலு நாள் சமைச்சுப் போட்டுட்டு வந்துடறேன். கடை இருக்கு சார். வாத்து இருக்கு."

"கடையை நான் நம்பறேன் அம்மா. உங்க உடம்பைத்தான் நம்ப முடியலை. ரொம்ப நல்லா இருக்கீங்க."

"நல்லா இல்லைன்னா?"

"மருத்துவச் சான்று கொண்டாங்க. மூணு மாசத்துல திரும்ப வேண்டிய நிலைமையில நீங்க இருக்கறதா ஒரு டாக்டர் எழுதிக் குடுத்தா, உடனே விசா குடுத்துடலாம்."

பஸ்ஸில் திரும்பி வரும்போது துலாரி வழியெல்லாம் அழுதாள். பக்கத்தில் இருந்த பெண்மணி, யாராவது இறந்துவிட்டார்களா என்று கேட்டாள். இன்னும் நாற்பத்தோரு வருஷத்துக்கு இல்லையாம் என்றாள் துலாரி.

டாக்டர் ரத்தம் எடுத்தார், நாடி பிடித்தார், முழங்காலைத் தட்டினார். தாளைப் பார்க்கப் பார்க்க அவர் முகம் தொங்கியது.

"சர்க்கரை தொண்ணூறு. பிரஷர் இருபது வயசுப் பொண்ணு மாதிரி இருக்கு. மூட்டுல ஒரு குறையும் இல்லை."

"நல்லாப் பாருங்க டாக்டர். ஏதாவது ஒண்ணு இருக்கும்."

"மறதி?"

"போன வருஷம் இதே தேதியில யார் யார் கடையில கடன் சொல்லிட்டுப் போனாங்கன்னு சொல்லட்டுமா?"

"வேண்டாம்," என்றார் டாக்டர் அவசரமாக. அவரும் அந்தப் பட்டியலில் உண்டு. "என்ன சாப்பிடறீங்க?"

"என் கறிதான்."

"அதான் காரணம். முதல்ல அதை நிறுத்துங்க." அவர் மருந்துச் சீட்டை இழுத்து எழுதினார். வறுத்த கோழி, மூன்று வேளை. உருளைக்கிழங்கு வறுவல், கேட்கிறபோதெல்லாம். கலர், தண்ணீருக்குப் பதில். நடக்கக் கூடாது. "விடாம ஆறு மாசம் சாப்பிட்டா நான் மனசாட்சியோட எழுதிக் குடுக்க முடியும். வெளியில காத்திருக்கறவங்க எல்லாருக்கும் இதையேதான் எழுதறேன்."

வெளியே எட்டிப் பார்த்தால் உண்மையிலேயே உட்கார இடம் இல்லை. அந்த மாதம் விசா மறுக்கப்பட்டவர்கள் அத்தனை பேரும் இருந்தார்கள். கறியை விட்டு எத்தனை நாள் ஆயிற்று, முட்டி வலிக்க ஆரம்பித்துவிட்டதா என்று ஒருவரை ஒருவர் ஆசையோடு விசாரித்துக்கொண்டிருந்தார்கள். மூச்சு வாங்குகிறது என்று சொன்ன ஒருவரை எல்லாரும் பொறாமையோடு பார்த்தார்கள்.

மக்களின் தேவை மாறிவிட்டதை அரசும் உணர்ந்தது. அதே கட்டடத்தில், பழுதான அதே ஏசியின் கீழே, கறி தவிர்ப்புப் பிரிவு திறக்கப்பட்டது. ஜிசெல் அதற்கும் ஆலோசகர் ஆனாள். புட்டியை எறிந்துவிட்டு வறுத்த கோழிப் பெட்டியோடு வந்து, ஐம்பது வருஷத்துக்கு மேலாகக் கறிக்கு அடிமைப்பட்டிருந்த உடம்பை விடுவிப்பது எப்படி என்று துலாரிக்கே ஒரு மணி நேரம் வகுப்பெடுத்தாள். தலைநகரத்தில் நாகரிகமான பெண்கள் இப்போது பெட்டி இல்லாமல் இறங்குவதில்லை.

துலாரி கடையை மூடவில்லை. மூடினால் உரிமம் போய்விடும், உரிமம் போனால் மனு போய்விடும். ஆகவே தினமும் விடியுமுன் எழுந்து அதே கொண்டைக்கடலைக் கறியையும் மீன் கறியையும் வைக்கிறாள். யாரும் வாங்குவதில்லை, வாத்துகள் தின்று பளபளவென்று இருக்கின்றன. பகல் பன்னிரண்டரைக்கு அவள் தன் கடைப் பெஞ்சில் உட்கார்ந்து, எதிர்க்கடையில் வாங்கிய கோழிப் பெட்டியைத் திறக்கிறாள். அந்த நேரத்துக்கு லெசாமாவும் ஒரு பெட்டியோடு வந்து பக்கத்தில் உட்காருகிறார். கறியின் நன்மைகளைப் பற்றிப் பேச அவரைக் குளிர் தேசத்து மாநாடு ஒன்றுக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள், அவருக்கும் விசா மறுத்தாகிவிட்டது. அடுப்பிலிருந்து வாசனை வரும்போது இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் மென்றுகொண்டிருப்பார்கள்.

போன செவ்வாய்க்கிழமை அந்த நேரத்தில்தான் வாஷ்டியின் போன் வந்தது.

"அம்மா, பையன் குப்புற விழுந்துட்டான். நீ எப்பம்மா வருவே? எனக்கு இடுப்புல வலுவே இல்லை. இங்க டாக்டர் மஞ்சளை மாத்திரையாக் குடுக்கறாங்க, ஒரு ருசியும் இல்லை. உன் கையால ஒரு வாய் கறி சாப்பிட்டாப் போதும்போல இருக்கு."

துலாரி வாயில் இருந்ததை விழுங்கினாள்.

"வந்துடறேன்டி கண்ணு. சர்க்கரை நூத்தி நாப்பதுக்கு வந்தாச்சு. பிரஷர்தான் இன்னும் ஏறமாட்டேங்குது, டாக்டர் இன்னும் நல்லா முயற்சி பண்ணச் சொல்லியிருக்கார். ஒரு ரெண்டு மாசம் பொறுத்துக்கோ, ஒரேயடியா உடம்பைக் கெடுத்துக்கிட்டு ஓடி வந்துடறேன்."